ராணுவ லாரி ஓட்டுபவர் ஊருக்கு வந்து சொந்த பைக்கை ஓட்டலாமா? ராணுவ டிரைவிங் லைசென்ஸ் சொல்வது என்ன?

நெடுஞ்சாலையில் வரிசையாகப் போகும் ராணுவ லாரிகளைப் பார்த்திருப்பீங்க. நம்பர் பிளேட்டில் மேல்நோக்கி ஒரு அம்புக்குறி இருக்கும். அதை ஓட்டுபவருக்கு வயது 18, 19 என்றுகூட இருக்கலாம். லாரி ஓட்ட 20 வயது ஆகணுமே, அது எப்படி?

சட்டம் என்ன சொல்கிறது?

மோட்டார் வாகனச் சட்டம் 1988-ன் 4-வது பிரிவுப்படி, லாரி, பஸ் போன்ற போக்குவரத்து வாகனங்களை 20 வயதுக்குக் கீழ் உள்ளவர்கள் ஓட்டக் கூடாது. ஆனால், 18-வது பிரிவு ஒரு விலக்கு தருகிறது. நாட்டின் பாதுகாப்புப் பணிக்கான மத்திய அரசு வாகனங்களை ஓட்ட, 18 வயது முடிந்தவர்களுக்குத் தனியாக லைசென்ஸ் கொடுக்கலாம். இதை வழங்குவது ஆர்டிஓ அல்ல. இதற்கென மத்திய அரசு குறிப்பிடும் அதிகாரிகள்.

பயிற்சியில் என்ன வித்தியாசம்?

படைகளுக்கு ரேஷனும் எரிபொருளும் கொண்டுசேர்ப்பது ஆர்மி சர்வீஸ் கார்ப்ஸ். பெங்களூருவில் உள்ள அதன் மையத்தில் டிரைவர்களுக்குப் பயிற்சி தரப்படுகிறது.

கிளட்ச், கியர் பழகினால் மட்டும் போதாது. கான்வாயில் இடைவெளி விட்டுப் போகணும். ஆயில், தண்ணீர், டயரைத் தானே பார்க்கணும். எதிரி கண்ணில் படாமலிருக்க, இரவில் ஹெட்லைட் போடாமலும் ஓட்டணும். இதற்காகவே லாரியின் பின் அச்சில் இருக்கும் டிஃபரென்ஷியலில் வெள்ளை பெயின்ட் அடித்து, சின்ன விளக்கு ஒன்றைப் பொருத்தியிருப்பார்கள். பின்னால் வருபவருக்கு அந்த வெள்ளை வட்டம்தான் வழி. இப்படிப் பழகியவர்கள்தான் 11,500 அடிக்கும் மேல் உள்ள சோஜிலா கணவாய் வழியாக லடாக்குக்கு லாரி ஓட்டுகிறார்கள்.

சரி, சொந்த பைக்?

இந்த லைசென்ஸை மட்டும் வைத்துக்கொண்டு ஓட்ட முடியாது! பாதுகாப்புப் பணிக்கான அரசு வாகனங்களுக்கு மட்டுமே இது செல்லும். லீவில் வரும்போது அப்பாவின் ஸ்கூட்டரை எடுக்கக்கூட தனி லைசென்ஸ் வேணும்.

வேலையை விட்டு வந்த பிறகு?

இங்கேதான் 9-வது பிரிவு கைகொடுக்கிறது. ராணுவ லைசென்ஸ் வைத்திருப்பவரோ, முன்பு வைத்திருந்தவரோ ஆதாரம் காட்டினால், அதே வகை வாகனத்துக்கு மறுபடியும் ஓட்டிக்காட்டும் டெஸ்ட் தேவையில்லை. ஆனால், விண்ணப்பமும் மற்ற ஆவணங்களும் கட்டாயம். லாரி லைசென்ஸில் இருந்தால் லாரிக்குத்தான் சலுகை, பைக்குக்கு இல்லை.

2022-ல் அறிவிக்கப்பட்ட அக்னிபத் திட்டத்தில் சேர்பவர்களுக்கு 4 ஆண்டுதான் பணி. அதிகபட்சம் 25 சதவீதம் பேரே தொடர முடியும். டிரைவராக இருந்து இருபதுகளிலேயே ஊர் திரும்பும் இளைஞருக்கு, அடுத்த வேலைக்கான முதல் ஆவணமே இந்த லைசென்ஸ்தான். யூனிட்டை விட்டுக் கிளம்பும் முன் அதைப் பத்திரமா எடுத்து வச்சுக்கோங்க!