சனத்துக்குள் தொலைந்தவர்கள்

கொழும்பில் கடையொன்றில் வேலை செய்யும் என் காக்கா ஒருநாள் தொலைபேசியில், "இங்க சனத்துக்குக் குறைவில்ல தங்கச்சி, கதைக்கத்தான் ஒருத்தருமில்ல" என்றார். அந்தப் பேச்சு மனதில் கிடந்தபோதுதான் அகிரா குரோசாவாவின் 'தெருநாய்' (1949) என்ற யப்பானியப் படத்தைப் பார்த்தேன். மாங்கேணியில் திரையரங்கு ஏது? கைத்தொலைபேசிதான்.

குற்றமும் நிழலும் தனிமையும் நிறைந்த நகரக் கதைகளைப் பிரெஞ்சு விமர்சகர்கள் 'நுவார்' என்றார்கள். கறுப்பு என்பது அதன் பொருள். இந்தப் படத்திலோ இருட்டைவிட வெயில்தான் கொடியது. போரில் தோற்ற தோக்கியோ. நெரிசலான பஸ்ஸில் முரகாமி என்ற இளம் பொலிஸ்காரனின் கைத்துப்பாக்கி களவு போகிறது. அதைத் தேடிப் பழைய இராணுவ உடையில் கறுப்புச் சந்தைகளுக்குள் அலைகிறான். பல நிமிடங்களுக்கு வசனமே இல்லை. கால்கள், முகங்கள், வியர்வை. எத்தனையோ பேர் உரசிக்கொண்டு போகிறார்கள், அவன் யாரென்று கேட்பாரில்லை.

அந்தத் துப்பாக்கியால் சுடும் யூசாவும் போரிலிருந்து திரும்பியவன்தான். ஊர் திரும்பும் வழியில் இருவரது பையும் திருட்டுப் போயிருக்கிறது. ஒருவன் பொலிஸில் சேர்ந்தான், மற்றவன் கொள்ளைக்காரனானான். இறுதியில் இருவரும் சேறு பூசி, பூத்த செடிகளுக்கிடையில் மூச்சிரைத்துக் கிடக்கையில் யார் எவரென்று தெரியவில்லை. அப்பால் சிறுவர்கள் பாடிக்கொண்டு போகிறார்கள். யூசா கதறுகிறான். அந்த அழுகைக்காகவே இப்படத்தைப் பார்க்கலாம்.

தமிழில் இதற்கு நெருங்கி வருவது எஸ். பாலசந்தரின் 'அந்த நாள்' (1954). 1943 இல் யப்பானியர் சென்னையில் குண்டு போட்ட காலத்துக் கதை. (1942 இல் அவர்கள் மூழ்கடித்த ஹெர்மிஸ் கப்பல் எங்கள் மட்டக்களப்புக் கடலடியில் இன்றும் கிடக்கிறது.) சிவாஜி கணேசன் நடித்த ராஜன் ஒரு வானொலிப் பொறியியலாளன். அவனது திறமைக்கு ஆதரவு கிடைக்கவில்லை. கசப்பு அவனை எதிரியின் உளவாளியாக்குகிறது. மனைவி, சகோதரன், அயலவர் எல்லோரும் இருக்கிறார்கள். ஆனால் அவன் கொல்லப்பட்ட பிறகுதான் ஆளுக்கொரு விதமாக அவனைப் பற்றிப் பேசுகிறார்கள்! வீணை வித்துவானான பாலசந்தர் இதில் ஒரு பாட்டுக்கூட வைக்கவில்லை. எனக்குப் பிடித்தது அந்த அமைதிதான். தேசப்பற்று வசனங்கள் சற்றுக் குறைந்திருந்தால் ராஜனின் தனிமை இன்னும் உறைத்திருக்கும். கொன்றது யாரென்று நான் சொல்லப்போவதில்லை.

காக்காவுக்குத் 'தெருநாய்' கதையைச் சொன்னேன். "அந்தப் பொலிஸ்காரனுக்குக் கதைக்க ஆள் இருந்ததா?" என்று கேட்டார். இருந்தது என்றேன். சாட்டோ என்ற மூத்த பொலிஸ்காரர் ஓரிரவு அவனைத் தன் வீட்டுக்குக் கூட்டிப்போய், தூங்கும் தன் பிள்ளைகளைக் காட்டுவார்.

காக்கா சற்று நேரம் பேசவில்லை. வாகன இரைச்சல் மட்டும் கேட்டுக்கொண்டிருந்தது.