மணப்பெண் ஒப்பனைக்கு ஒத்திகை தேவைதானா?

திருமணம் நிச்சயமானதும் செலவுக் கணக்கு எழுதத் தொடங்கிவிடுகிறோம். மண்டபம், சமையல், பட்டு, நகை, பத்திரிகை என்று நீளும் அந்தப் பட்டியலில் அண்மைக் காலமாகப் புதிய வரி ஒன்றும் இடம் பிடித்திருக்கிறது. அழகு நிலையத்தார் 'ட்ரையல்' என்று கூறும் ஒப்பனை ஒத்திகைதான் அது. நிக்காஹ் நாளன்று செய்யவிருக்கும் முக ஒப்பனையையும் கூந்தல் அலங்காரத்தையும் சில வாரங்களுக்கு முன்பே ஒருமுறை செய்து பார்த்துவிடுவதை இது குறிக்கும்.

"ஒரு நாள் கூத்துக்கு மீசையைச் சிரைத்த கதையாக அல்லவா இருக்கிறது!" என்கிறார் வாப்பா. "அந்த ஒரு நாளும் கெட்டுப்போனால் என்ன செய்வது?" என்கிறாள் மகள். இருவர் பேச்சிலும் நியாயம் இருக்கிறது. அடுத்த வீட்டில் செய்தார்கள் என்பதற்காகச் செய்வதும் தவறு. வீண்செலவு என்று ஒரே சொல்லில் தள்ளிவிடுவதும் தவறு. நம் வீட்டு நிலைமையைப் பார்த்து முடிவு செய்வதே அறிவுடைமை.

மூன்று கேள்விகள்

முதலாவதாக, மணப்பெண்ணின் சருமத்திற்குப் பழக்கமில்லாத பொருள் எதுவும் பூசப்படவிருக்கிறதா? இரண்டாவதாக, ஒப்பனை செய்பவர் நமக்கு அறிமுகமில்லாதவரா? மூன்றாவதாக, முக்காடு, நகை, தொழுகை, பல மணி நேர அமர்வு ஆகியவற்றோடு அந்த அலங்காரம் ஒத்துப்போகுமா என்பதில் ஐயம் இருக்கிறதா?

மூன்றுக்கும் 'இல்லை' என்பதே விடையானால் ஒத்திகைக்குப் பணம் செலவிட வேண்டியதில்லை. சாச்சி மகளோ, மதினியோ எளிமையாக அலங்கரித்துவிடும் வீடுகளுக்கு இது தேவைப்படாது. ஒன்றுக்கேனும் 'ஆம்' என்று விடை வந்தால், ஒத்திகை வீண் அன்று. பின்னால் வரக்கூடிய பெரிய வருத்தத்தைத் தடுக்கும் சிறிய செலவாகவே அதைக் கருத வேண்டும்.

சருமம் சொல்லும் பதில்

புதிய பூச்சு ஒன்று ஒவ்வாமல் போனால், அது பெரும்பாலும் உடனே தெரிவதில்லை. அரிப்பும் தடிப்பும் தோன்ற ஒன்றிரண்டு நாட்கள் ஆகலாம். நிக்காஹ் அன்று காலையில் முதன்முறையாகப் பூசினால், வலீமாவன்று முகம் வீங்கிச் சிவந்திருக்கக்கூடும். ஆகவே அழகு நிலையம் பயன்படுத்தவிருக்கும் பூச்சுகளில் சிறிதளவைக் காதின் பின்புறமோ முழங்கையின் உட்புறமோ தடவி, 48 மணி நேரம் கவனிக்க வேண்டும். முழு ஒத்திகை வேண்டாம் என்று முடிவு செய்பவர்களும் இந்தச் சோதனையைக் கைவிடக் கூடாது. இதற்கு ஆகும் செலவு மிகச் சொற்பம்.

மருதாணியிலும் கவனம் தேவை. இலையிலிருந்து கிடைக்கும் இயற்கை மருதாணி முதலில் செம்மஞ்சளாகப் பற்றி, ஓரிரு நாட்களில் செம்பழுப்பாக முதிரும். சில நிமிடங்களிலேயே கன்னங்கரேலென்று பற்றும் 'கறுப்பு மருதாணி'யில் பாராஃபெனிலீன்டயமின் என்ற தலைச்சாய வேதிப்பொருள் கலக்கப்படுவதுண்டு. இது தோலைக் கொப்புளிக்கச் செய்து தழும்பையும் விட்டுச் செல்லும். ஒருமுறை ஒவ்வாமை ஏற்பட்டவருக்குப் பிற்காலத்தில் தலைச்சாயம் பயன்படுத்தும்போதும் அதே தொல்லை வரலாம்.

முக்காடும் தொழுகையும்

அழகு நிலையத்தின் கண்ணாடி முன் அரை மணி நேரம் அமர்ந்திருப்பது வேறு. கூட்டம் நிறைந்த மண்டபத்தில் ஆறேழு மணி நேரம் இருப்பது வேறு. காயல்பட்டினம், கீழக்கரை, நாகூர் போன்ற கடலோர ஊர்களின் புழுக்கத்தில் வியர்வை எந்தப் பூச்சையும் சோதித்துவிடும். எனவே ஒத்திகைக்குச் செல்லும்போது அன்று அணியவிருக்கும் முக்காட்டையும் தலை நகைகளையும் உடன் கொண்டு செல்ல வேண்டும். கொண்டையின் உயரத்தில் முக்காடு நிற்கிறதா, வழுக்குகிறதா, ஊசிகள் தலையைக் குத்துகின்றனவா, பூவின் கனம் தாங்குகிறதா என்பதெல்லாம் அணிந்து பார்த்தால்தான் தெரியும்.

தொழுகை நேரத்தையும் கணக்கில் கொள்ள வேண்டும். உளூவின்போது தண்ணீர் தோலைச் சென்றடைய வேண்டும். நகப்பூச்சும், தண்ணீர் புகாத கனத்த முகப்பூச்சும் அதைத் தடுத்துவிடும். இயற்கை மருதாணி நிறத்தை மட்டுமே விட்டுச் செல்வதால் அந்தத் தடை அதற்கு இல்லை. லுஹருக்குப் பின் அலங்காரத்தைத் தொடங்கலாமா, அஸர் வேளையில் முகத்தைக் கழுவி மீண்டும் ஒப்பனை செய்ய எவ்வளவு நேரமாகும் என்பதை ஒத்திகை நாளிலேயே பார்த்துவிட்டால், மண நாளில் தொழுகை தவறும் நிலை வராது. கூந்தலுடன் வேறு முடியைச் சேர்ப்பதை நபிமொழி தடுத்திருப்பதால், சவுரி வேண்டாம் என்பதையும் அன்றே தெளிவாகச் சொல்லிவிடலாம்.

என் முகம் எனக்கு

இவை எல்லாவற்றையும்விட முக்கியமான ஒன்று உண்டு. மாநிறப் பெண்ணை அமர வைத்து, அவள் கேட்காமலேயே இரண்டு மூன்று படி வெளுப்பாக்கிவிடும் வழக்கம் நம்மிடையே இருக்கிறது. முகம் ஒரு நிறம், கழுத்து ஒரு நிறம், கை ஒரு நிறம் என்று அவள் மேடையில் அமர்ந்திருப்பாள். மண நாளன்று சுற்றிலும் உறவினர் கூடியிருக்க, நேரமும் நெருக்க, "இது நான் இல்லையே!" என்று சொல்ல எந்தப் பெண்ணுக்குத்தான் துணிவு வரும்? ஒத்திகை நாளில் அவள் அதைத் தயங்காமல் சொல்லலாம். மாற்றியமைக்க அவகாசமும் இருக்கும். ஒத்திகையின் மெய்யான பயன் இதுதான்.

ஆகவே அன்று தாய்மார்கள் சற்று ஒதுங்கி நின்று, மகளின் வாய்ச்சொல்லுக்கு முதலிடம் தர வேண்டும். முகத்தைப் பகல் வெளிச்சத்திலும் மண்டப விளக்கொளியிலும் பார்க்க வேண்டும். ஃபிளாஷ் போட்டு ஒரு படமும் எடுத்துப் பார்ப்பது நல்லது. வெயில் காப்புப் பூச்சுகளில் உள்ள துத்தநாக ஆக்சைடு, டைட்டானியம் டையாக்சைடு போன்றவை அந்த ஒளியைத் திருப்பியனுப்பி, படத்தில் முகத்தைச் சாம்பல் பூத்தது போல் காட்டிவிடும்.

திருமணத்திற்குள் நிறம் கூட வேண்டும் என்று மருத்துவர் ஆலோசனையின்றி ஸ்டீராய்டு கலந்த களிம்புகளைப் பூசுவது பெருந்தவறு. தோல் மெலிந்து, பருக்கள் கிளம்பி, நிறுத்தியவுடன் முகம் சிவந்து எரியும். பாதரசம் கலந்த வெளுப்புப் பூச்சுகளோ சிறுநீரகத்தையே பாதிக்கக்கூடியவை.

பேசி முடிக்க வேண்டியவை

ஒத்திகைக்கு நாலு முதல் ஆறு வாரங்களுக்கு முந்தைய நாளைத் தேர்ந்தெடுப்பது நலம். ஒவ்வாமை ஏற்பட்டால் ஆறவும், நிறைவில்லையெனில் வேறொருவரைத் தேடவும் அந்தக் காலம் போதும். ஒத்திகைக் கட்டணம் மொத்தத் தொகையில் கழிக்கப்படுமா, பிடிக்காவிட்டால் முன்பணம் திரும்பக் கிடைக்குமா, மண நாளில் அவரே வருவாரா, உதவியாளரை அனுப்புவாரா என்பதை முன்கூட்டியே கேட்டு எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.

மற்றொன்றையும் மறந்துவிட வேண்டாம். ஒத்திகையில் எடுத்த படத்தை விளம்பரமாக இன்ஸ்டாகிராமில் வெளியிடுவது இன்று சிலருக்கு வாடிக்கையாகிவிட்டது. முக்காடின்றி இருக்கும் நம் வீட்டுப் பெண்ணின் படம் ஊரெங்கும் உலவ நாம் இடம் கொடுக்கலாமா? பெண்கள் மட்டுமே இருக்கும் தனி அறை வேண்டும், படங்களை வெளியிடக் கூடாது என்ற இரண்டு நிபந்தனைகளையும் முதலிலேயே விதித்துவிட வேண்டும்.

வசதி குறைந்தவர்கள் இதற்காகக் கடன்பட வேண்டாம். சருமச் சோதனையைச் செய்துவிட்டு, முக்காட்டையும் நகையையும் வீட்டிலேயே ஒரு மாலை அணிந்து பார்த்தால் பாதி ஐயம் தீர்ந்துவிடும். மீதமாகும் பணம், புது வாழ்வு தொடங்கும் மகளின் கையில் இருக்கட்டும். ஒத்திகை வைத்தாலும் வைக்காவிட்டாலும், அந்த முடிவை மணப்பெண்ணைக் கேட்டே எடுங்கள். அவள் மன நிறைவோடு மணமேடை ஏறுவாள், இன்ஷா அல்லாஹ்.