சாப்ளினை ஓட ஓட விரட்டிய அந்த ‘ராட்சத’ வில்லன் யார்? 11 படங்களில் முடிந்துபோன ஒரு வாழ்க்கை

சார்லி சாப்ளின் படங்கள் பார்த்திருப்பீங்க. அதில் அவரைத் துரத்தும் ஒரு பெரிய உருவம் ஞாபகம் இருக்கா? மேல்நோக்கி வளைந்த அடர்த்தியான புருவம், முறைக்கும் கண்கள், முகத்தை மறைக்கும் தாடி. அவர்தான் எரிக் கேம்ப்பெல். பெயர் தெரியாமலே உலகம் பார்த்துச் சிரித்த நடிகர்.

எங்கிருந்து வந்தார்?

1880-இல் இங்கிலாந்தில் பிறந்தவர். நாடகமேடைதான் அவருடைய பள்ளிக்கூடம். சாப்ளின் தொழில் கற்ற ஃபிரெட் கார்னோவின் நகைச்சுவைக் குழுவில் இவரும் இருந்தார். பிறகு அமெரிக்கா போனார்.

1916-இல் மியூச்சுவல் நிறுவனம் 6,70,000 டாலருக்கு சாப்ளினை ஒப்பந்தம் செய்தது. அப்போது சாப்ளினுக்கு வயது 26. அந்த ஒப்பந்தத்தில் அவர் எடுத்தது 12 குறும்படங்கள். அதில் 11 படங்களில் கேம்ப்பெல் இருக்கிறார். அவர் இல்லாத ஒரே படம் ‘ஒன் ஏ.எம்.’. அது கிட்டத்தட்ட சாப்ளின் தனியாளாக நடித்த படம்.

வில்லன் ஏன் அவ்வளவு முக்கியம்?

சாப்ளின் குள்ளமான, ஒல்லியான மனிதர். கேம்ப்பெல்லோ ஆறடியைத் தாண்டிய உயரம், அதற்கேற்ற பருமன். வசனமே இல்லாத சினிமாவில், இரண்டு பேரும் பக்கத்தில் நின்றாலே பாதிக் கதை சொல்லியாச்சு.

‘ஈஸி ஸ்ட்ரீட்’ (1917) படத்தில் சாப்ளின் புதுசா வேலைக்குச் சேர்ந்த போலீஸ்காரர். கேம்ப்பெல் தெரு ரவுடி. தலையில் லத்தியால் எத்தனை அடி அடித்தாலும் ரவுடி அசரமாட்டார். தன் பலத்தைக் காட்ட தெருவிளக்குக் கம்பத்தையே வளைப்பார். அந்த நொடியில் சாப்ளின் அவர் முதுகில் ஏறி, விளக்குக்குள் தலையைத் திணித்து, கேஸைத் திறந்துவிடுவார். நாடி பிடித்துப் பார்த்துவிட்டு, இன்னும் கொஞ்சம் கேஸ்! ரவுடி மேல் நமக்கு நிஜமாகவே பயம் வந்ததால்தான் அந்தச் சிரிப்பு வெடிக்குது.

ஒரு சின்ன ஆதாரம்

‘தி இமிக்ரன்ட்’ (1917) படத்தில், பில்லுக்குப் பத்து சென்ட் குறைந்த வாடிக்கையாளரை அடித்து வெளியே தள்ளும் சர்வர் கேம்ப்பெல். அதே ஹோட்டலில் சாப்பிட்டுக்கொண்டிருக்கும் சாப்ளினின் பாக்கெட்டிலோ ஓட்டை!

அந்த சர்வர் வேடத்தில் முதலில் நடித்தவர் ஹென்றி பெர்க்மன். காட்சியில் போதுமான மிரட்டல் வரவில்லை. சாப்ளின் கேம்ப்பெல்லைக் கொண்டுவந்து மறுபடி படமாக்கினார். ‘அன்நோன் சாப்ளின்’ (1983) ஆவணப்படத்தில் இந்தப் பழைய டேக்குகளைப் பார்க்கலாம். பயம் கூடினால்தான் நகைச்சுவை கூடும் என்பது சாப்ளினுக்குத் தெரிந்திருந்தது.

ஆறே மாதத்தில் எல்லாம் போச்சு

1917 ஜூலையில் கேம்ப்பெல்லின் மனைவி மாரடைப்பால் திடீரென இறந்தார். துக்க உடை வாங்கப் போன 16 வயது மகள் மீது கார் மோதி, அவர் பலத்த காயமடைந்தார். செப்டம்பரில் அவசரமாக ஒரு மறுமணம். பழகிய சில நாட்களிலேயே நடந்த அந்தத் திருமணம் இரண்டே மாதத்தில் விவாகரத்து வழக்கில் போய் நின்றது.

டிசம்பர் 20. ஒரு விருந்து முடிந்து, குடித்த நிலையில் கார் ஓட்டிப் போனவர் லாஸ் ஏஞ்சலஸில் விபத்தில் இறந்தார். வயது 37. அவருடைய அஸ்தியை வாங்கிப்போக ஆள் வரவில்லை. பல வருடங்கள் கழித்துத்தான் அது மண்ணுக்குப் போனது.

பிறகு?

சாப்ளின் நிறுவனம் மாறினார், நீளமான படங்களுக்குப் போனார், உலகப் புகழின் உச்சிக்கும் போனார். அந்தப் பயணத்தில் கேம்ப்பெல் இல்லை. ‘சாப்ளின்ஸ் கோலியாத்’ என்று ஓர் ஆவணப்படம் அவருக்காக வந்தது 1996-இல். அதாவது, இறந்து 79 வருடங்களுக்குப் பிறகு.

ஹீரோ எவ்வளவு பெரியவர் என்பதை, எதிரில் நிற்பவரை வைத்துத்தான் ரசிகன் அளக்கிறான். அந்த அளவுகோலாக இருந்தவருக்குக் கைதட்டல் மட்டும் கிடைக்கல.

மியூச்சுவல் படங்கள் யூடியூபில் இலவசமாக இருக்கு. ஒவ்வொன்றும் அரை மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். ‘ஈஸி ஸ்ட்ரீட்’டில் தொடங்குங்க. இந்தத் தடவை சாப்ளினை விட்டுட்டு, அந்தப் புருவத்தைக் கவனிங்க.