வயலோரத்துச் சிறுத்தையும் கம்பிச் சுருக்கும்

பெரும்போகத்து நெற்கதிர் பால்பிடிக்கும் நாளிலே காட்டுப்பன்றிக் கூட்டமொன்று ஓரிரவிற் புகுந்து செய்யும் அழிவைக் கமக்காரருக்கு எடுத்துரைக்க வேண்டுவதில்லை. தின்பது ஒரு பங்கு. மிதித்துப் புரட்டுவது மூன்று பங்கு. மரவள்ளி, வற்றாளைத் தோட்டங்களிலோ கிழங்கோடு பாத்தியும் போய்விடும். பரணிலிருந்து இரவு முழுவதும் தகரத்தைத் தட்டிக் கண்விழித்தவன், விடிந்ததும் ஒரு முழக் கம்பியைத் தேடுவது இயல்பே. ஆயினும் அக்கம்பியிற் சிக்குவது யாதென்பதை அவன் சிந்தித்தல் வேண்டும்.

புத்தளம் கரையிலே பள்ளிவாசல்துறை முதலிய ஊர்களில் மணல் நிலத்திற் கிணறு வெட்டி மரக்கறி செய்வோர், “சிறுத்தை காட்டில் அன்றோ இருக்கிறது? எமக்கென்ன?” என்று கேட்கக்கூடும். புத்தளம் கடல்நீரேரிக்கு வடக்கே, கலா ஓயாவைக் கடந்ததும் தொடங்குவது வில்பத்துக் காடு. 1938இலே தேசிய வனமாக்கப்பட்ட இக்காட்டின் பரப்பு ஏறக்குறைய 1,300 சதுர கிலோமீற்றர். மழைநீர் தேங்கிநிற்கும் இயற்கை ஏரிகளாகிய வில்லுகள் பல அதனுள்ளே உண்டு. போர்க் காலத்திலே நெடுநாள் மூடப்பட்டு, 2003இல் திறக்கப்பட்டு, 2006இல் மீண்டும் மூடப்பட்ட இவ்வனம் 2010ஆம் ஆண்டு முதல் மக்கள் பார்வைக்குத் திறந்திருக்கிறது. வண்ணாத்திவில்லு, எழுவன்குளம் ஆகிய பகுதிகளில் வயலும் சேனையும் இக்காட்டின் ஓரத்தையே தொட்டு நிற்கின்றன. வன எல்லை தேசப்படத்தில் உள்ள கோடு; பன்றியும் சிறுத்தையும் அதனை அறியா.

எம்மவர் “புலி” என்று கூறுவது சிறுத்தையையே. வேங்கைப்புலியோ சிங்கமோ இலங்கைக் காட்டில் இன்று இல்லை. ஆதலால் இத்தீவின் தலையாய ஊனுண்ணி இச்சிறுத்தையே. இதனைத் தனியொரு கிளையினமாக வகுத்துக் “கொட்டியா” என்னும் பெயரை இட்டவர், இலங்கை அரும்பொருட்சாலையின் தலைவராயிருந்த தெரணியகல ஆவர். ஆண் சிறுத்தையின் நிறை சராசரி 56 கிலோ. பெண் அதனிற் பாதியளவே. தன்னிற் பெரிய விலங்கொன்று இரையைப் பறிக்குமென்ற அச்சம் இல்லாமையாற்போலும், பிற நாட்டுச் சிறுத்தைகளைப்போல இது இரையை மரத்திலேற்றி வைப்பது அரிது. பகலிலும் வெளிப்பட்டு நடக்கும். 1960களின் இறுதியில் வில்பத்துவிலே ஆராய்ந்த மக்கன்கேர்ண், ஐசன்பேர்க் ஆகிய விஞ்ஞானிகள் இதன் உணவிலே புள்ளிமானுக்கே முதலிடம் என்று கண்டனர். மரை, பன்றி, முசு, முயல் ஆகியனவும் அதற்கு இரையாம்.

சிறுத்தை இருந்தாற் பன்றித் தொல்லை அடியோடு ஒழியுமெனச் சிலர் எழுதுவர். அது மிகைக் கூற்று. முதிர்ந்த ஆண்பன்றியின் கோரையெயிற்றுக்குச் சிறுத்தையும் அஞ்சும். அது பெரும்பாலும் பிடிப்பது குட்டியையும் இளம் பன்றியையுமே. ஆனால் பன்றி ஓர் ஈற்றிலே நான்கு ஐந்து குட்டிகள் ஈனும் என்பதை நோக்குமிடத்து, அக்குட்டிகளிற் சில குறைவதும் பயிருக்குச் சிறு காவலன்று. சிறுத்தையோ பெரும்பாலும் இரண்டு குட்டிகளே ஈனும். அவை ஓராண்டுக்கு மேலாகத் தாயுடன் திரிந்தே வேட்டை பயிலும். எனவே தாய் ஒன்று மாண்டால் அக்குட்டிகளும் மாளும். பன்றி ஓராண்டில் மீட்கும் தொகையைச் சிறுத்தை பல ஆண்டுகளிலும் மீட்டல் அரிது.

இனிக் கம்பியைப் பற்றிச் சொல்வோம். துவிச்சக்கரவண்டித் தடைக்கம்பியை முறுக்கிப் பன்றி நுழையும் வேலித் துவாரத்திலே கட்டிவிடுவர். அத்துவாரத்தாலே பின்தொடரும் சிறுத்தையின் இடுப்பிலே அது விழும். இழுக்க இழுக்க இறுகும். வெளியிலே காயம் சிறிதாய்த் தோன்றினும் உள்ளுறுப்புக்கள் நசிந்துபோம். 2020ஆம் ஆண்டு மே மாதத்திலே நல்லதண்ணிப் பகுதியில் அரிதான கருஞ்சிறுத்தையொன்று இவ்வாறு சிக்கியது. அதனை மீட்டுச் சிகிச்சை செய்தும் சில நாளில் இறந்தது. அச்சுருக்கும் சிறுத்தைக்கென்று வைக்கப்பட்டதன்று. மாடும் கன்றும் வளர்ப்பு நாயும் கம்பியிலே அகப்படுதல் ஊரறிந்த செய்தி. கம்பிக்கு மின்சாரத்தை நேரே கொடுப்பது அதனினும் கொடிது. இரவிலே நீர் திறந்துவிடச் சென்ற அயல் வயற்காரனையும் அது கொல்லும்.

மலிவான வழி கம்பியே என்பதை மறுப்பதற்கில்லை. ஆயினும் தனியொருவன் வேலியாற் பன்றி நிற்பதில்லை என்பதும் உண்மை. வெளி முழுவதிலும் உள்ளோர் ஒரே காலத்தில் விதைத்து, அலம்பல் வேலியை அடிப்பக்கம் இடைவெளியின்றி ஒரே தொடராக அடைத்து, பரண் காவலை முறைவைத்துக் காத்தால் இழப்புப் பெரிதுங் குறையும். முன்னோர் செய்தது இதுவே. வேலியோரப் பற்றையை இருபுறமும் வெட்டி வெளியாக்கினால் பன்றி நெருங்கத் தயங்கும்.

கன்றும் ஆடும் உடையோர் அவற்றை இரவில் வெளியே கட்டலாகாது. சிறுத்தை மதிலைத் தாண்டும். ஆதலின் பட்டிக்குச் சுற்றுவேலி போதாது, கூரையும் வேண்டும். நாய் அதற்கு விருப்பமான இரை; அதனைக் காட்டோரக் குடிசையிலே தனியே சங்கிலியில் விடுதல் தகாது. மாட்டை அடித்துவிட்டதெனின், சினத்தால் அவ்வுடலிலே பயிர்மருந்தைப் பூசுவோர் உளர். அதனை நரியும் நாயும் கழுகும் தின்று சாகும். நஞ்சு மழைநீரோடு குளத்திலும் இறங்கும். வயல் எலியையும் நண்டையும் பிடிக்கும் நரியைக் கொன்று, பின்னர் எலிக்கு மருந்து வாங்குவது எவ்வகைச் சிக்கனமோ அறியோம்.

சிறுத்தை ஊருக்குள் வந்துவிட்டால் மக்கள் திரளாகச் சூழ்தலே பெருந்தவறு. 2018ஆம் ஆண்டு யூன் மாதத்திலே கிளிநொச்சி அம்பாள்குளத்தில் வந்த சிறுத்தை பலரைக் காயப்படுத்தியது. முடிவில் அடித்தும் கொல்லப்பட்டது. அதன்பின் சிலர் கைதாகி நீதிமன்றம் சென்றனர். போகும் வழி அடைபட்ட விலங்கு பாயாமல் என் செய்யும்? சிறுவரை உள்ளே அழைத்து, நாய்களைக் கட்டி, அது வந்த திசையை வெறுமையாய் விட்டு, வனசீவராசிகள் திணைக்களத்துக்கும் கிராம அலுவலருக்கும் உடனே அறிவித்தல் வேண்டும். சுருக்கிலே சிக்கியதைக் கண்டாலும் இவ்வாறே. அருகிற் சென்று அவிழ்க்க முயலற்க. அரிவு வெட்டுங்காலத்திலே பற்றையிற் குட்டிகள் கிடக்கக் கண்டால் தொடாமல், அவ்விடத்து வேலையை அன்று நிறுத்தி விலகுக. இரவில் தாய் வந்து அவற்றைக் கௌவிக்கொண்டு போய்விடும்.