வீட்டுக்குள் ஓர் ஆடுகளம்

"இன்றைய ஆட்டம் எதில் வரும்?" என்பது இப்போதெல்லாம் நம் சங்கக் கூட்டங்களில், காப்பி வருவதற்கு முன்பே எழும் கேள்வியாகிவிட்டது. முன்னாளில் இக்கேள்விக்கு இடமே இல்லை. ஊருக்கு ஒரு தொலைக்காட்சி நிலையம். அதில் வந்தால் ஆட்டம், வராவிட்டால் மறுநாள் செய்தித்தாள். இன்றோ ஆட்டங்கள் ஏராளம், அவற்றைக் காட்டும் செயலிகளும் பல. ஆயினும் வேண்டிய ஆட்டம் வேண்டிய நேரத்தில் கைக்குக் கிட்டுவதில்லை. நாங்கள் பத்தாம் வகுப்போடு ரயில்வே எழுத்தர் பணிக்கு வந்தவர்கள்; தொழில்நுட்பம் கற்றவர்கள் அல்லோம். பட்டு அறிந்ததையே இங்கு எழுதுகிறோம்.

இத்தேடல் எங்கள் வீட்டில் பொழுதுபோக்குக்காகத் தொடங்கவில்லை. எங்கள் தந்தையார் திருச்சி பொன்மலைப் பணிமனையில் ஆயுள் முழுவதும் உழைத்து ஓய்வு பெற்றவர். அன்னையார் மறைந்த பின்னர், தனியே இருக்க வேண்டாமென்று அவரை இங்குக் கரக்பூருக்கு அழைத்து வந்தோம். வங்காளமும் தெரியாது, இந்தியும் தெரியாது. காலையில் நாங்கள் அலுவலகத்துக்கும் குழந்தைகள் பள்ளிக்கும் சென்றுவிட்டால், மாலை வரை அவர் பேசுவதற்கு எங்கள் இல்லத்தரசியைத் தவிர ஆளில்லை. கண்ணில் புரை வேறு. முதல் நான்கு மாதங்களில் அவருடைய பேச்சு மெல்ல மெல்லக் குறைந்து, "சரி", "வேண்டாம்" என்னும் இரண்டு சொற்களுக்குள் அடங்கிவிட்டதைக் கண்டு அஞ்சினோம்.

அவரை மீண்டும் பேச வைத்தது கிரிக்கெட் வர்ணனைதான். வானொலிக் காலத்தவர் அவர். சேப்பாக்கத்தில் ஆட்டம் நடந்தால், பணிமனையின் உணவு இடைவேளையில் டிரான்சிஸ்டரைச் சுற்றி நின்று அப்துல் ஜப்பார் அவர்களின் தமிழ் வர்ணனையைக் கேட்டதை இன்றும் சொல்லிச் சொல்லி மகிழ்வார். அவருக்கு ஆட்டம் என்பது கண்ணால் காண்பது அன்று, காதால் கேட்பது. எனவே ஆங்கிலத்திலோ இந்தியிலோ வரும் ஆட்டம் அவருக்குப் பாதி ஆட்டமே.

2023 மே 29 இரவை எங்கள் வீட்டில் யாரும் மறவார். மழையால் ஒரு நாள் தள்ளிப்போன ஐ.பி.எல். இறுதி ஆட்டம்; ஆமதாபாத்தில் சென்னையும் குஜராத்தும். அவ்வாண்டு ஜியோசினிமா செயலியில் அத்தொடர் முழுதும் கட்டணமின்றி, தமிழ் வர்ணனையோடும் வந்தது. எங்களிடம் அப்போது பழைய பெட்டி. ஆகவே அலைபேசியைத் தலையணைமேல் சாய்த்து வைத்துத் தந்தையார் காதருகே ஒலியைக் கூட்டினோம். நம் சென்னைப் பிள்ளை சாய் சுதர்சன் எதிரணிக்காக 96 ஓட்டங்கள் எடுத்தபோது, மகிழ்வதா வருந்துவதா என்று அவருக்கே விளங்கவில்லை. பின்னர் மீண்டும் மழை. 15 ஓவரில் 171 என்று இலக்கு மாறியது. நள்ளிரவு கடந்து, கடைசி இரண்டு பந்துகளில் பத்து ஓட்டங்கள் வேண்டும் என்னும் கட்டம். பந்து வீச்சாளர் ஓடி வரவேயில்லை. அதற்குள் பக்கத்துக் குவார்ட்டர்ஸில் பேரிரைச்சல்.

"என்னப்பா, அவங்க வீட்டிலே ஜெயிச்சாச்சு போலிருக்கே, நம்ம வீட்டிலே இன்னும் பந்தே போடலையே?" என்றார் தந்தையார்.

ஜடேஜாவின் ஆறையும் நான்கையும் நாங்கள் முடிவு தெரிந்த பிறகே பார்த்தோம். பக்கத்து வீட்டாரிடம் டிஷ் இருந்தது, எங்களிடம் இணையம். இணையத்தில் வரும் படம் சில விநாடித் துண்டுகளாக வெட்டப்பட்டு, சேமிக்கப்பட்டு, பிறகே நம்மை அடைகிறது. ஆகையால் டிஷ்ஷைவிட அரை நிமிடம் அளவுக்குப் பின்தங்குவது எல்லாச் செயலிகளுக்கும் இயல்பு. இதற்கு மருந்தில்லை. சன்னலைச் சாத்திக்கொள்வதும், சங்கத்தின் வாட்ஸ்அப் குழுவை ஆட்டம் முடியும் வரை திறவாதிருப்பதுமே நாங்கள் கண்ட வழி.

(இடையே ஒரு சொல். தோனி அவர்கள் 2001 முதல் இரண்டாண்டுக் காலம் எங்கள் கரக்பூரில் டிக்கெட் பரிசோதகராகப் பணியாற்றியவர். அவரோடு தேநீர் அருந்தியதாகச் சொல்லும் ஊழியர்கள் இங்கு இன்றும் உளர். அத்தனை பேரும் உண்மையிலேயே அருந்தியிருந்தால், அவருக்கு டிக்கெட் பார்க்க நேரமே இருந்திராது.)

பின்னர்க் கடன் தவணையில் ஸ்மார்ட் டி.வி. ஒன்று வாங்கினோம். அதோடு துன்பம் தீர்ந்தது என்று எண்ணினோம். ஒரு தொடர் தொடங்கும் நாளன்று, ஒரு நிறுவனத்தின் சந்தாவில் எது மலிவோ அதற்கு ஓராண்டுப் பணத்தைச் சேர்த்துக் கட்டினோம். பெட்டியில் செயலியைத் திறந்தால், "இச்சந்தா அலைபேசிக்கு மட்டும்" என்று ஓர் அறிவிப்பு. தந்தையார் வேட்டியை மாற்றிக்கொண்டு, மூக்குக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு நாற்காலியில் வந்து அமர்ந்திருந்தார். அந்தத் திரையை அவரால் வாசிக்க இயலாது. ஆனால் எங்கள் முகத்தை வாசித்துவிட்டார். "பரவாயில்லைப்பா, நாளைக்குப் பார்த்துக்கலாம்" என்று எழுந்து உள்ளே சென்றார். சிறிய எழுத்தைப் படியாதது எங்கள் பிழையே. ஆயினும் அன்றிரவு எங்களுக்கு உணவு இறங்கவில்லை. மறுநாள் முதல், சரக்குப் பதிவேட்டைச் சரிபார்ப்பது போல இவ்விஷயத்தை முறையாக அறியத் தொடங்கினோம்.

முதலில் விளங்கிய உண்மை இது: ஆட்டம் எதில் வரும் என்பதை நிர்ணயிப்பது ஆடும் அணி அன்று, ஆட்டத்தை நடத்துபவர். இந்தியா ஆடினால் ஒரே இடத்தில்தான் வரும் என்று நம்மில் பலர் கருதுகிறோம். அது தவறு. இந்திய அணி உள்நாட்டில் ஆடினால் அதன் உரிமையை விற்பது இந்தியக் கிரிக்கெட் வாரியம். இங்கிலாந்து சென்று ஆடினால் விற்பது அந்நாட்டு வாரியம். உலகக் கோப்பை என்றால் பன்னாட்டுக் கிரிக்கெட் மன்றம். ஆசியக் கோப்பை என்றால் ஆசிய மன்றம். ஒவ்வொருவரும் சில ஆண்டுகளுக்கு ஒருமுறை தனித்தனியே ஏலம் விடுகின்றனர். 2023 முதல் 2027 வரையிலான ஐ.பி.எல். உரிமை மட்டும் ரூ.48,390 கோடிக்குப் போயிற்று. அதிலும் தொலைக்காட்சி உரிமையை ஒரு நிறுவனமும் இணைய உரிமையை மற்றொரு நிறுவனமும் எடுத்தன. பின்னர் அவ்விரு குழுக்களும் தம் தொழிலை இணைத்துக்கொண்டமையால், 2025 பிப்ரவரியில் ஜியோசினிமாவும் ஹாட்ஸ்டாரும் சேர்ந்து ஜியோஹாட்ஸ்டார் என்னும் ஒரே செயலியாயின. சந்தாவின்றித் தொடர் முழுவதையும் கண்ட காலமும் அத்தோடு பெரும்பாலும் முடிந்தது.

2025 கோடையில் இந்திய அணி இங்கிலாந்தில் ஆடிய ஐந்து டெஸ்டுகளை நினைவுகூருங்கள். தொலைக்காட்சியில் அவை சோனி அலைவரிசைகளில் வந்தன. இணையத்திலோ ஜியோஹாட்ஸ்டாரில் வந்தன. சோனிலிவ் செயலிக்குச் சந்தா கட்டி வைத்திருந்த நண்பர் ஒருவர், 'சோனியில்தானே வருகிறது' என்று காலை முதல் தேடிக் களைத்தார். அடுத்த செப்டம்பரில் ஆசியக் கோப்பை வந்தது. அது தொலைக்காட்சியிலும் இணையத்திலும் சோனியிடமே இருந்தது. இம்முறை ஜியோஹாட்ஸ்டாரை மட்டும் வைத்திருந்தவர்கள் தேடிக் களைத்தனர். ஆகவே ஆட்டத்துக்கு ஒருநாள் முன்னதாகவே, இத்தொடரை நடத்துபவர் யார், இணைய உரிமை யாரிடம் என்னும் இரண்டையும் அறிந்துகொள்வது நலம். கிரிக்கெட் வாரியங்களின் சொந்தத் தளங்களில் இது குறிக்கப்பட்டிருக்கும். ரயில் எந்த நடைமேடைக்கு வரும் என்று பார்க்காமல் மூட்டையைத் தூக்கிக்கொண்டு ஓடுபவர்களை நாங்கள் நாள்தோறும் காண்கிறோம்.

மொழியைத் தேர்வது அடுத்தது. நம் போன்ற வெளிமாநிலத்தார்க்கு இதுவே தலையாய காரியம். ஆட்டம் தொடங்கியதும் இந்தியிலோ ஆங்கிலத்திலோ ஒலி வந்தால், தமிழ் இல்லையென்று கைவிட வேண்டாம். ஆட்டப் படத்தின் அடியிலோ அமைப்புப் பகுதியிலோ மொழிகளின் பெயர்கள் இருக்கும். அவற்றுள் தமிழைத் தொட்டால் போதும். ஐ.பி.எல்., உலகக் கோப்பை போன்ற பெரிய தொடர்களுக்குத் தமிழ் கிடைக்கும். எல்லா ஆட்டங்களுக்கும் கிடைக்கும் என்று எண்ணுதல் வேண்டா. கேபிள் வைத்திருப்போரும் மனம் தளர வேண்டியதில்லை. வேண்டிய அலைவரிசையைத் தனித்தனியே கேட்டுப் பெறும் உரிமை 2019 முதல் நமக்கு உண்டு. வங்காளத் தொகுப்பை மட்டுமே கொடுத்துவந்த எங்கள் கேபிள்காரர், 2017-ல் தொடங்கப்பட்ட ஸ்டார் ஸ்போர்ட்ஸ் தமிழ் அலைவரிசையைப் பெயர் சொல்லிக் கேட்டபோது, "அப்படி ஒன்று உண்டா?" என்று வியந்தார், இரண்டு நாளில் கொடுத்தும்விட்டார்.

பணக் கணக்குக்கு வருவோம். ஜியோஹாட்ஸ்டார் தொடங்கியபோது மூன்று மாதச் சந்தா அலைபேசிக்கு மட்டுமாயின் ரூ.149, இரு கருவிகளுக்கு ரூ.299, நான்கு கருவிகளுக்கு ரூ.499 என்று வைத்தனர். இக்கட்டணங்கள் மாறிக்கொண்டே இருப்பவை. கட்டும் நாளில் பார்த்துக்கொள்க. ஓராண்டுக்குச் சேர்த்துக் கட்டினால் மலிவு என்பது மெய்தான். எனினும் நமக்கு வேண்டிய தொடர் இரண்டு மாதத்தில் முடிந்துவிடுமாயின், எஞ்சிய பத்து மாதம் யாருக்காக? எங்கள் வீட்டில் இப்போது தொடருக்குத் தொடர் பார்த்துக் குறுகிய காலச் சந்தாவே கட்டுகிறோம். தானே புதுப்பித்துக்கொள்ளும் ஏற்பாட்டை அன்றே நிறுத்தியும் விடுகிறோம்.

மறைவான செலவு இணையத்துக்கானது. துல்லியமான படம் விநாடிக்கு ஏறத்தாழ 5 மெகாபிட் கேட்கும். மணிக்குக் கணக்கிட்டால் இரண்டேகால் ஜி.பி. நான்கு மணி நேர ஆட்டத்துக்கு 9 ஜி.பி. நாளொன்றுக்கு 2 ஜி.பி. தரும் ரீசார்ஜை வைத்துக்கொண்டு பார்க்கத் தொடங்கினால், முதல் அணி ஆடி முடிப்பதற்குள் தீர்ந்துவிடும். படத் தரத்தைக் குறைத்துக்கொண்டால் அரை ஜி.பி.யில் ஒரு மணி ஓடும். தந்தையாருக்குப் படம் மங்கலாயினும் கவலையில்லை. ஒலி தெளிவாக இருந்தால் சரி. எங்கள் மகனோ ஒப்புக்கொள்வதில்லை.

மாற்றலாகிச் செல்லும் அன்பர்களுக்கு ஒரு குறிப்பு. சந்தா அலைபேசி எண்ணோடு பிணைக்கப்பட்டிருக்கும், திறக்கும்போது ஓ.டி.பி. அவ்வெண்ணுக்கே வரும். புதிய ஊரில் புதிய எண் வாங்கிப் பழையதைக் கைவிட்டால் சந்தாவும் போயிற்று. எண்ணை முதலில் மாற்றிப் பதிந்துகொண்டு, பிறகு பழையதை விடுக.

பெரிய ஆட்ட நாட்களில் "இலவசமாகக் காண இங்கே தொடுக" என்று குழுக்களில் சுற்றும் இணைப்புகளை மட்டும் தொடவே வேண்டா. எங்கள் அலுவலகத் தோழர் ஒருவர் தொட்டார். ஆட்டம் வரவில்லை, அட்டை எண்ணைக் கேட்டது, பிறகு ஓ.டி.பி.யையும் கேட்டது. அவர் அவசரத்தில் கொடுத்துவிட்டார். மகள் கல்லூரிக் கட்டணத்துக்கென வைத்திருந்த பணத்தில் ஒரு பகுதி போயிற்று. பணத்தை இழப்பவர்கள் உடனே 1930 என்னும் எண்ணுக்குத் தெரிவிக்க வேண்டும் என்பதை அவர் மறுநாளே அறிந்தார்.

காசின்றி நேர்மையாகக் காணவும் வழிகள் உண்டு. தேசிய முக்கியத்துவம் வாய்ந்தவை என அரசு அறிவித்த ஆட்டங்களைத் தூர்தர்ஷனோடு பகிர வேண்டும் என்று 2007-ஆம் ஆண்டுச் சட்டம் விதிக்கிறது. மாதச் சந்தா இல்லாத டி.டி. ஃப்ரீ டிஷ் வைத்திருப்போர் அவற்றை டி.டி. ஸ்போர்ட்ஸில் காணலாம். ஐ.பி.எல். போன்றவற்றுக்கு இது உதவாது. எங்கள் மகளுக்கோ கிரிக்கெட்டே வேண்டா, சதுரங்கம்தான். 2024 நவம்பர், டிசம்பரில் சிங்கப்பூரில் குகேஷ் உலகப் பட்டத்துக்கு ஆடிய பதினான்கு ஆட்டங்களும் யூடியூபில் ஒரு காசு செலவின்றி வந்தன. நம் நேரப்படி பிற்பகல் இரண்டரைக்குத் தொடங்கும். அவள் பள்ளியிலிருந்து ஓடி வந்து மிச்சத்தைப் பார்ப்பாள். டிசம்பர் 12 அன்று அந்தப் பதினெட்டு வயதுப் பிள்ளை வென்று கண்ணீர் விட்டபோது, காய் நகர்த்தவே அறியாத தந்தையார், "யார் வீட்டுப் பையன்? எந்த ஊரு?" என்று கேட்டார். சென்னை என்றதும் நாற்காலியைப் பெட்டியின் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டார்.

இப்போது எங்கள் கூடத்துக் காலண்டரில், ஆட்ட நாள், நேரம், செயலியின் பெயர், தமிழ் உண்டா இல்லையா என நான்கு குறிப்புகளைச் சிவப்பு மையால் எழுதி வைக்கிறோம். தந்தையார் பேரனை அழைத்து அதைப் படிக்கச் சொல்வார். பிறந்தது முதல் இவ்வூரிலேயே வளர்ந்த அவன் தமிழை எழுத்துக் கூட்டித்தான் படிப்பான். பந்து எல்லையைத் தாண்டிப் பறந்தால், தெருப் பிள்ளைகளிடம் கற்றபடி "சக்கா!" என்று கத்துவான். "ஆறுன்னு சொல்லுடா" என்பார் பாட்டனார். இருவருக்கும் இதில் இன்னும் உடன்பாடு ஏற்படவில்லை. சென்ற ஞாயிறு வர்ணனையாளர் ஒருவர் ஒரே வாக்கியத்தில் நான்கு ஆங்கிலச் சொற்களைக் கலந்தபோது, தந்தையார் ஒவ்வொன்றுக்கும் தமிழ் சொல்லிக்கொண்டே வந்தார். பேரன் கணக்கு நோட்டின் பின்பக்கத்தில் அவற்றை எழுதிக்கொண்டிருந்தான். நாங்கள் ஒலியைச் சற்றே குறைத்து வைத்தோம்.