கூலியை கேட்கும் முன் "லைசென்சு இருக்கா?" என்று கேளுங்கள்! கரண்டு வேலைக்கு ஆள் வைப்போர் கவனத்துக்கு

நெமிலி,

நெமிலியை அடுத்த கீழ்வீதி கிராமத்தில் நடந்ததை இந்தப் பக்கத்து மக்கள் மறந்திருக்க மாட்டார்கள்.

2023-ம் ஆண்டு ஜனவரி 22-ந் தேதி, ஞாயிற்றுக்கிழமை இரவு. மண்டியம்மன் கோவில் திருவிழா. சாமிக்கு மாலை போட பக்தர்கள் கிரேனில் தொங்கியபடி வந்தார்கள். திடீரென்று கிரேன் சாய்ந்து விழுந்தது. 4 பேர் பலியானார்கள். பலர் காயம் அடைந்தார்கள்.

கிரேன் டிரைவரை போலீசார் கைது செய்தனர். விழாவில் கிரேனை பயன்படுத்த அனுமதி வாங்கவில்லை என்று அதிகாரிகள் தெரிவித்தார்கள்.

அனுமதி உண்டா, இல்லையா என்ற பேச்சு எப்போது வந்தது? 4 உயிர் போன பிறகு!

திருவிழாவுக்கு கிரேன் மட்டுமா வருகிறது? சீரியல் லைட் வருகிறது. ஜெனரேட்டர் வருகிறது. வீடு கட்டினால் வயரிங் வேலைக்கு ஆள் வருகிறார். கடையில் ஏ.சி. மாட்டினாலும், தறிக்கூடத்தில் மோட்டார் வைத்தாலும் எலக்ட்ரீசியன் வருகிறார்.

"கூலி எவ்வளவு?" என்று கேட்கிறோம். "எப்போ முடிப்பீங்க?" என்று கேட்கிறோம். "லைசென்சு இருக்கா?" என்று கேட்பவர் எத்தனை பேர்?

சட்டம் சொல்வது

வீட்டிலோ, கடையிலோ, ஆலையிலோ வயரிங் வேலையை அரசு லைசென்சு பெற்ற மின் காண்டிராக்டர்தான் எடுத்துச் செய்யலாம். தகுதிச் சான்று பெற்ற மேற்பார்வையாளர் கூட இருக்க வேண்டும். வேலை செய்பவரிடமும் சான்று இருக்க வேண்டும்.

1956-ம் ஆண்டு இந்திய மின்சார விதிகளில் 45-வது விதி சொன்னது இதைத்தான். அதற்குப் பிறகு 2010-லும், 2023-லும் வந்த மத்திய மின்சார ஆணையத்தின் பாதுகாப்பு விதிகள் சொல்வதும் இதைத்தான்.

அதற்காக பல்பு மாற்றக்கூட லைசென்சு வேண்டுமா என்று பயப்பட வேண்டாம். வீட்டு கரண்டில் பல்பு, பேன், பியூஸ், சுவிட்சு பழுதானால், அதே அளவில் வேறு மாற்றிக்கொள்ள விதியில் விலக்கு உண்டு. புதிதாக லைன் இழுத்தால், ஏ.சி.க்கு தனி லைன் போட்டால், பழைய வயரிங்கை மாற்றினால், அது காண்டிராக்டர் வேலை.

எதை எல்லாம் பார்க்க வேண்டும்?

முதலாவது, காண்டிராக்டர் லைசென்சு. சென்னையில் உள்ள தமிழ்நாடு மின் உரிமம் வழங்கும் வாரியம் கொடுப்பது. பெயர், எண், எந்தத் தேதி வரை செல்லும் என்ற மூன்றையும் படியுங்கள். தேதி முடிந்து போன லைசென்சு வெறும் காகிதம். சந்தேகம் வந்தால் எண்ணை சொல்லி வாரியத்தில் விசாரியுங்கள். எந்த வகை வேலைக்கு அந்த லைசென்சு என்பதையும் பாருங்கள். வீட்டு வயரிங்குக்கு வாங்கிய லைசென்சை வைத்துக்கொண்டு ஆலையின் உயர் அழுத்த லைனில் கை வைக்க முடியாது.

இரண்டாவது, வேலைக்கு வரும் ஆளின் ஒயர்மேன் சான்று. ஐ.டி.ஐ. படித்த சான்றிதழ் வேறு, வாரியம் தரும் ஒயர்மேன் சான்று வேறு. உதவியாளர் சான்று வைத்திருப்பவர் தனியாக வேலை செய்யக்கூடாது.

மூன்றாவது, வேலை முடிந்ததும் டெஸ்ட் ரிப்போர்ட். கரண்டு கசிகிறதா என்று மெக்கர் கருவியால் 500 வோல்ட் வைத்து சோதிக்க வேண்டும். குறைந்தது 1 மெகா ஓம் காட்ட வேண்டும். எர்த்தும் சோதிக்க வேண்டும். வேலை செய்தவர் ஒருவர், ரிப்போர்ட்டில் கையெழுத்து போட்டவர் வீட்டுப் பக்கமே வராத இன்னொருவர் என்றால், அந்தக் கையெழுத்து யாரையும் காப்பாற்றாது.

பியூஸ் காப்பாற்றுமா?

"பியூஸ் இருக்கே, என்ன பயம்?" என்பார்கள். 5 ஆம்பியர் பியூஸ் போக 5 ஆம்பியருக்கு மேல் கரண்டு ஓட வேண்டும். மனிதனைக் கொல்ல அதில் நூறில் சில பங்கே போதும்! உடம்பில் கரண்டு பாய்ந்து ஆள் துடிக்கும்போதும் பியூஸ் அப்படியே இருக்கும்.

உயிரைக் காப்பது ஆர்.சி.டி. என்ற கசிவுத் தடுப்பு சுவிட்சு. 30 மில்லி ஆம்பியர் கசிந்தாலே கரண்டை வெட்டிவிடும். தோல் பதனிடும் தொழிற்கூடங்கள் நிறைந்த ராணிப்பேட்டை, ஆம்பூர் பக்கத்தில் ஈரத் தரை சகஜம். ஈரக்கால் என்றால் ஆபத்து இன்னும் அதிகம். ஆர்.சி.டி. பற்றி தானாகவே பேசும் காண்டிராக்டர் தொழில் தெரிந்தவர்.

59 பேர் பலி

அரைகுறை ரிப்பேர் என்ன செய்யும் என்பதற்கு டெல்லி உபகார் தியேட்டர் சாட்சி. 1997-ம் ஆண்டு ஜூன் 13-ந் தேதி காலையில் அங்கிருந்த டிரான்ஸ்பார்மரில் தீப்பிடித்தது. மின்வாரிய ஊழியர்கள் வந்து பழுது பார்த்தார்கள். கேபிள் முனையை இறுக்க உரிய கருவி இல்லை. சுத்தியலால் அடித்து ஒப்பேற்றினார்கள். இணைப்பு தளர்ந்தது. பிற்பகல் காட்சி ஓடிக்கொண்டிருந்த நேரத்தில் மறுபடியும் தீ. புகையில் மூச்சுத் திணறி 59 பேர் மாண்டார்கள்.

அங்கே வந்தவர்கள் மின்வாரியத்து ஆட்கள். அப்படியும் அந்த கதி! யார் என்றே தெரியாத ஆள் உங்கள் வீட்டு மெயின் போர்டை திறந்தால்?

லைசென்சு உள்ளவர் தவறே செய்ய மாட்டார் என்று சொல்வதற்கில்லை. ஆனால் தவறு நடந்தால் பதில் சொல்ல ஒரு பெயரும், ஒரு எண்ணும் இருக்கும். அவர்மீது புகார் கொடுக்க ஒரு வாரியம் இருக்கும். லைசென்சு இல்லாதவர் அட்வான்சோடு பஸ் ஏறிவிட்டால் யாரைத் தேடுவது?

லைசென்சு எண்ணை பில்லில் எழுதி வாங்குங்கள். காட்ட மறுப்பவருக்கு அட்வான்ஸ் கொடுக்காதீர்கள். நூறு, இருநூறு கூலி மிச்சம் பார்த்து வீட்டுக்குள் எமனை அழைக்க வேண்டாம்!