கோவில்பட்டிக் கரிசலில் புழுதி விதைப்பு



கோவில்பட்டி என்றதுமே வெளியூர்க்காரர்களுக்குத் தீப்பெட்டியும் கடலைமிட்டாயும்தான் நினைவுக்கு வரும். 2020-இல் அந்தக் கடலைமிட்டாய்க்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. மருந்து முக்கின குச்சி காய்வதற்கு வெயில் வேண்டும். மழை குறைந்த ஊரில் அந்தத் தொழில் நிலைத்ததில் அதிசயம் இல்லை. ஆனால், குச்சியைக் காய வைக்கிற அதே வெயில்தானே நம்ம காட்டையும் கை நுழைகிற அளவுக்கு வெடிக்க வைக்கிறது! கரிசலின் களி ஈரம்பட்டால் உப்பும், காய்ந்தால் சுருங்கும். அதனால் வருவதுதான் இந்த வெடிப்பு.

இங்கே ஆண்டு மழை சுமார் 730 மில்லிமீட்டர். அதில் பெரும்பங்கு ஐப்பசி, கார்த்திகையிலே கொட்டித் தீர்ந்துவிடும். முதல் மழை விழுந்ததும் விதைக்கலாம் என்று காத்திருந்தால் என்ன ஆகிறது? கரிசல் சேறாகிவிடும். மாடும் இறங்காது, டிராக்டரும் இறங்காது. நிலம் பதத்துக்கு வருவதற்குள் ஒரு வாரம், பத்து நாள் ஓடிப்போகும். இடையில் இன்னொரு மழை பெய்தால் அதுவும் போச்சு. பிந்தி விதைத்த சோளம் கதிர் வாங்குகிற நேரத்தில் ஈரம் இல்லாமல் சுண்டிப்போவதை எத்தனை வருஷம் பார்த்திருக்கிறோம்!

கோவில்பட்டியில் 1901-இலிருந்து இருக்கிற வேளாண்மை ஆராய்ச்சி நிலையம் மானாவாரிக்குச் சொல்லுகிற வழி, மழைக்கு முந்தியே விதைத்துவிடுவது. ஆவணிக் கடைசியிலும் புரட்டாசி முதல் பாதியிலும் காய்ந்த புழுதியிலேயே சோளத்தையும் பருத்தியையும் போட்டுவிட வேண்டும்.

"ஏங்க, ஒரு தூறல் விழுந்து முளைச்சு, அப்புறம் மழை இல்லாம கருகிட்டா விதை வீண்தானே?" என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. அதற்குத்தான் ஆழம். விதை 5 செ.மீ. கீழே இருக்க வேண்டும். தூறல் மேல்மண்ணை மட்டும் நனைத்துவிட்டுப் போகும். அடியில் கிடக்கிற விதை அசையாது. நல்ல மழை இறங்கினால்தான் முளைக்கும். கையால் வீசி விதைத்தால் ஒன்று மேலே, ஒன்று கீழே என்று விழும். ஆகவே ஏர்ச்சாலிலோ, டிராக்டரில் பூட்டும் விதைப்புக் கருவியிலோ போடுங்கள்.

இன்னொரு காப்பு, விதையைக் கடினப்படுத்துவது. சோளத்துக்கு, ஒரு லிட்டர் தண்ணீருக்கு 20 கிராம் வீதம் பொட்டாசியம் டை ஹைட்ரஜன் பாஸ்பேட் கரைத்து, அதில் விதையை 6 மணி நேரம் ஊற வையுங்கள். பிறகு நிழலில் உலர்த்தி, பழைய ஈரப்பதத்துக்குக் கொண்டு வாருங்கள். நிழலில்தான், மறந்துவிடாதீர்கள், வெயிலில் போட்டால் பட்ட பாடு வீண். இப்படிச் செய்த விதை சீராக முளைக்கும், இளம்பயிரும் வறட்சியைக் கொஞ்சம் தாங்கும்.

ஒரு தொல்லையையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். மழை விழுந்ததும் பயிரோடு சேர்ந்து களையும் கிளம்பும். மழைக்குப் பின் உழுது விதைத்தால் அந்த உழவிலேயே களை செத்திருக்கும். இதில் அந்த வசதி இல்லை. அதனால் கோடையிலேயே ஒரு உழவு போட்டு, அறுகையும் கோரையையும் பொறுக்கி எடுத்துவிடுங்கள். முளைத்த மூன்றாவது வாரம் களை வெட்டினால் வெடிப்பும் மூடும், ஈரமும் நிற்கும். வெட்டுக்கு ஆளை முன்கூட்டியே பேசி வையுங்கள். தீப்பெட்டி ஆபீசுக்குப் போகிறவர்கள் சொன்ன அன்றைக்கே காட்டுக்கு வந்துவிட மாட்டார்கள்.